மூச்சில் சொன்ன சம்மதம்

மரீக்கா கோல் அடிக்கப்போகிறாள் என்பது அவள் அடித்து முடிக்கும்வரை யாருக்கும் தெரியாது. மற்றவர்கள் மட்டையைப் பின்னால் ஓங்குவார்கள், தோளைத் திருப்புவார்கள், கண்ணால் வலையின் ஒரு மூலையைப் பார்ப்பார்கள். கோல்கீப்பருக்கு அந்த ஒரு கணம் போதும். மரீக்காவிடம் அப்படி எதுவும் இருக்காது. பனி ஹாக்கியில் பந்துக்குப் பதிலாக இருக்கும் பக் என்கிற அந்தக் கறுப்பு ரப்பர் வில்லை அவள் மட்டையில் ஒட்டிக்கொண்டு கிடக்கும். அடுத்த பார்வையில் எனக்குப் பின்னால் வலைக்குள் கிடக்கும். இடையில் என்ன நடந்தது என்பதை, பயிற்சியில் வருடக்கணக்கில் அவளுக்கு எதிரே நின்ற நானே ஒழுங்காகப் பார்த்ததில்லை.

நாங்கள் இருவரும் நாட்டின் வடக்கே இருக்கிற கிரான்ஃபோர்ஸ் ஊர்க்காரிகள். ஆற்றுக்கு வடகரையில் மர ஆலை, அதையொட்டி அவள் வீடு. தென்கரையில் தேவாலயம், அதற்குப் பின்னால் என் வீடு. கோடையில் பாலத்தைச் சுற்றிப் போகவேண்டும். நவம்பரில் ஆறு உறைந்துவிட்டால் ஏப்ரல்வரை ஒரே தெருக்காரர்கள் மாதிரி ஆகிவிடுவோம். அவள் ஸ்கேட்டை மாட்டிக்கொண்டு நேராக எங்கள் வீட்டுக் கொல்லைக்கு வந்து நிற்பாள்.

சின்ன வயதில் அவள் பையன்கள் அணியில் ஆடினாள். பெண்களுக்கு அணி கிடையாது. பனி அரங்கில் பெண்கள் உடை மாற்ற இடமும் கிடையாது. அரங்கைப் பார்த்துக்கொண்ட எவர்ட், துடைப்பமும் சோப்புத்தூளும் வைக்கிற அறையில் ஒரு வாளியைக் கவிழ்த்துப் போட்டு, கதவில் சாக்பீஸால் அவள் பெயரை எழுதிவைத்தார். நாட்டில் பாதி அரங்குகளில் ஆடி முடித்த பிறகும், “டிரெஸ்ஸிங் ரூம் கதவத் தொறந்தா சோப்பு வாசனை வரணும். வரலன்னா ஏதோ தப்பான எடத்துக்கு வந்துட்ட மாதிரி இருக்கு” என்று சொல்லிக்கொண்டிருந்தாள்.

பையன்கள் அவளைவிட உயரமாக வளர்ந்த வருடம் பெண்கள் அணி தொடங்கினார்கள். எல்லாரும் முன்னால் ஓடி கோல் அடிக்கத் தயார். வலைக்கு முன்னால் நிற்க ஆள் இல்லை. அப்போது நான் பள்ளிக்கூட நூலகத்தின் ஜன்னலோரம் உட்கார்ந்திருந்தேன். மரீக்கா ஈரக் காலணியோடு உள்ளே வந்தாள்.

“ஏய் பெர்னில்லா, என்ன பண்ற?”

“படிக்கிறேன்.”

“எவ்ளோ நேரம் அசையாம உக்காந்திருப்ப?”

“யாரும் வந்து பேசலன்னா நாள் பூரா.”

“அது போதும். எந்திரி.”

அப்படித்தான் நான் கோல்கீப்பர் ஆனேன். அது எனக்குப் பொருந்திய வேலைதான். ஆட்டத்தில் பெரும்பாலான நேரம் மற்றவர்கள் எல்லாரும் தூரத்தில் இருப்பார்கள். தனியாக நின்று யோசிக்கலாம். திடீரென்று யாராவது கொல்ல வருவதுபோல வருவார்கள். பிறகு மறுபடி அமைதி.

எங்கள் கழகம் கழிவறைக் காகிதத்தின் மேல் நின்றது. பஸ்ஸுக்கும் மட்டைக்கும் பணம் வேண்டுமென்றால் மூட்டை மூட்டையாகக் காகித உருளைகளைச் சறுக்குவண்டியில் ஏற்றி வீடு வீடாகப் போய் விற்கவேண்டும். ஆண்கள் அணிக்குக் கோடாரிக் கடையின் விளம்பரம் இருந்தது, எங்களுக்கு இதுதான். மரீக்கா ஆலைக்காரர்களின் வீட்டுக் கதவைத் தட்டுவாள்.

“நான் ஒருத்திதானம்மா இருக்கேன், இவ்ளோ பெரிய மூட்டைய வெச்சு என்ன பண்றது?” என்பாள் ஒரு கிழவி.

“எங்க கோல்கீப்பரப் பாருங்க. எதிராளி வந்தா பயத்துல இவளுக்கு மட்டுமே ஒரு மூட்டை செலவாகுது. உங்களுக்கு ஒண்ணு மிச்சமாகட்டுமேன்னு சொல்றேன்.”

நான் முகம் சிவந்து நிற்பேன். கிழவி வாங்கிவிடுவாள்.

இப்போது அந்தக் குளிர்காலங்களை நினைத்தால் எனக்கு முதலில் வருவது பஸ்தான். ஈரக் கையுறைகளின் நாற்றம், மடியில் காபி பிளாஸ்க், ஜன்னலில் உறைந்த மூச்சு. கறியை உள்ளே வைத்து அவித்த உருளைக்கிழங்கு உருண்டைகளை யாராவது அம்மா கட்டிக் கொடுத்திருப்பாள். தின்றுவிட்டு எல்லாரும் வாயைப் பிளந்து தூங்குவார்கள். நானும் மரீக்காவும் மட்டும் விழித்திருப்போம். பேசமாட்டோம். இரண்டு ஊர்களுக்கு நடுவே ஒரு வார்த்தை பேசினால் அதிகம். அந்த அமைதி மாதிரி ஒன்று எனக்குப் பிறகு வாழ்க்கையில் கிடைக்கவில்லை.

எங்கள் பக்கத்து மனிதர்களே அப்படித்தான். அதிலும் ‘ஆமாம்’ என்ற சொல்லை வாய்விட்டுச் சொல்வது எங்களுக்குக் கொஞ்சம் ஆர்ப்பாட்டமாகப் படும். உதட்டைக் குவித்து ஒரு சின்ன மூச்சை உள்ளே இழுத்தால் போதும். சூடான சூப்பை உறிஞ்சுவதுபோல ஒரு சத்தம் வரும். அதுதான் ஆமாம். சாப்பிட்டாயா? மூச்சு. நாளைக்கு வேலை உண்டா? மூச்சு. ஒருமுறை தெற்கிலிருந்து புதிதாக வந்த பாதிரியார், மணப்பெண்ணிடம் இவனை ஏற்றுக்கொள்கிறாயா என்று கேட்க, அவள் வழக்கம்போல மூச்சை இழுத்திருக்கிறாள். அவர் பதறிப்போய்த் தண்ணீர் கொண்டுவரச் சொல்லிவிட்டார். “அவ சொல்லிட்டா சாமி, நீங்க மேல படிங்க” என்றான் மாப்பிள்ளை. ஊரில் இன்றும் அதைச் சொல்லிச் சிரிப்பார்கள். பாதிரியாரை நினைத்துத்தான் சிரிப்பார்கள். எங்களை நினைத்து யாரும் சிரித்ததில்லை.

மரீக்காவுக்கு இருபத்திரண்டு வயதானபோது மர ஆலையில் ஃபோர்க்லிஃப்ட் ஓட்டிக்கொண்டிருந்தாள். அந்த இலையுதிர் காலத்தில் தெற்கே நடந்த ஒரு போட்டியில் தேசிய அணியின் பயிற்சியாளர் மேல்வரிசையில் உட்கார்ந்திருந்தார். கனடாக்காரர். எங்கள் மொழியை வந்த பிறகு கற்றுக்கொண்டவர். மரீக்கா அன்று இரண்டு கோல் போட்டாள். எதிரணிக் கோல்கீப்பர் ஆட்டம் முடிந்து என்னிடம் வந்து, “உங்க ஆளு எப்ப அடிக்கிறா? எனக்குச் சொல்லேன், யாருகிட்டயும் சொல்லமாட்டேன்” என்றாள். அழைப்பு வரும் என்று எல்லாருக்கும் தெரிந்துவிட்டது. நெஞ்சில் மூன்று கிரீடம் போட்ட தேசிய அணியின் மஞ்சள் சட்டை. அதற்குமேல் எங்கள் நாட்டில் ஹாக்கி ஆடுகிறவளுக்கு ஆசைப்பட வேறொன்றும் இல்லை.

தொலைபேசி வந்தபோது நான் அவர்கள் வீட்டுச் சமையலறையில் இருந்தேன். அவளுடைய அம்மா அடுப்பிலிருந்து திரும்பாமல் காதை மட்டும் இந்தப் பக்கம் வைத்திருந்தார். மரீக்கா சுவரோரம் நின்று, ரிசீவரை இரண்டு கையாலும் பிடித்துக்கொண்டிருந்தாள். தலையை ஆட்டினாள். மூச்சை இழுத்தாள். கொஞ்ச நேரம் கேட்டாள். மறுபடி தலையை ஆட்டி, முன்னைவிட ஆழமாக மூச்சை இழுத்தாள். பிறகு வைத்துவிட்டாள்.

“என்னடி கேட்டாரு?” என்றேன்.

“உலகப் போட்டிக்கு வர்றியான்னு கேட்டாரு.”

“நீ?”

“வர்றேன்னு சொன்னேன்.”

“அப்புறம்?”

“லைன்ல இருக்கியான்னாரு. ரெண்டாவது தடவ கேட்டாரு. திரும்பவும் சொன்னேன். சரி, புரியுது, பரவாயில்லன்னு வெச்சிட்டாரு.”

“பரவாயில்லையா? அது எதுக்கு?”

“வெளிநாட்டுக்காரர்டி. பாதி வார்த்தைய எடம் மாத்திப் போடுவாரு.”

அவளுடைய அம்மா அப்போதுதான் திரும்பினார். கண் கலங்கியிருந்தது. வெங்காயத்தைக் காரணம் சொன்னார். அடுப்பில் வெங்காயம் இல்லை.

பெயர்ப் பட்டியல் தொலைக்காட்சியில் செய்தி எழுத்தாக ஓடும் பக்கத்தில் வந்தது. கறுப்புத் திரையில் மஞ்சள் எழுத்து. டிரெஸ்ஸிங் ரூமில் மாலைப் பயிற்சிக்கு முன்னால் எல்லாரும் பெட்டியைச் சுற்றி நின்றோம். கோல்கீப்பர்கள், தடுப்பாட்டக்காரர்கள், முன்வரிசை. பக்கம் மறுபடி முதலிலிருந்து சுழன்று வந்தது. நாங்கள் மறுபடி படித்தோம். மரீக்காவின் பெயர் எங்கும் இல்லை. மரீக்கா ஸ்கேட் கயிற்றைக் கட்டிக்கொண்டிருந்தாள். அவள் கட்டி முடித்து எழுந்து, “என்ன, ஆடப் போறோமா இல்லையா?” என்றாள்.

அந்த வாரமே உள்ளூர்ப் பத்திரிகையில் ஒரு வரி வந்தது. கிரான்ஃபோர்ஸ் பெண்ணைக் கேட்டேன், அவளுக்கு விருப்பமில்லை என்று பயிற்சியாளர் சொன்னதாக.

“பொய் சொல்றான்” என்றாள் மரீக்கா.

“கூப்பிட்டுக் கேளேன்.”

“எதுக்கு? கூப்பிட்ட அப்புறம் யோசிச்சிருக்கான். இவ போதாதுன்னு தோணியிருக்கு. மூஞ்சிக்கு நேரா சொல்ல வெக்கம். அத நான் வேற போய்க் கேட்டு வாங்கிக்கணுமா?”

அதற்குப் பிறகு எட்டு வருடம் அவள் அதைப் பற்றிப் பேசவில்லை. நாங்களும் கேட்கவில்லை. ஒருவர் பேசாத விஷயத்தைக் கிளறுவது எங்கள் ஊரில் பிறர் வீட்டு அலமாரியைத் திறப்பது மாதிரி. ஊர் ஒரு முடிவுக்கு வந்திருந்தது: மரீக்காவுக்குத் திமிர். அவள் ஒரு முடிவுக்கு வந்திருந்தாள்: எனக்குத் தகுதி போதாது. இரண்டு முடிவுகளும் ஒரே சின்ன ஊருக்குள் ஒன்றையொன்று சந்திக்காமல் வாழ்ந்தன.

மளிகைக் கடையில் ஆலைக் கிழவர்கள் அவளைச் சீண்டுவார்கள். “என்ன மரீக்கா, மூணு கிரீடம் பத்தலையா? நாலாவது வரட்டும்னு காத்திருக்கியா?”

“ஆமா, தலைக்குச் சரியா இருக்கணுமில்ல” என்று சொல்லிவிட்டுப் பாலை எடுத்துக்கொண்டு போவாள். வெளியே வந்ததும் நடை வேகமாகிவிடும். கூட நடக்கிறவள் ஓடவேண்டியிருக்கும்.

ஆனால் அந்த எட்டு வருடங்கள்தான் நாங்கள் நன்றாக ஆடிய வருடங்கள். முதல் பிரிவுக்கு ஏறினோம். விழுந்தோம். மறுபடி ஏறினோம். எல்லா அணிகளும் ஆடி முடித்த பிறகுதான் எங்களுக்குப் பனி கிடைக்கும், கீறலும் குழியுமாக. எவர்ட் யாரிடமும் சொல்லாமல் பனியை மெழுகிவிடும் தண்ணீர் இயந்திரத்தை ஒரு சுற்று அதிகமாக ஓட்டிவிட்டு, “சும்மா இஞ்சின் சூடாகட்டும்னு ஓட்டினேன்” என்பார். மழமழவென்று கண்ணாடிபோல இருக்கிற அந்தத் தளத்தில் முதல் கோட்டைப் போடும் உரிமை மரீக்காவுக்கு. அவள் ஒரு பெரிய வட்டம் போய் வருவாள். அந்தச் சத்தத்தைக் கேட்பதற்காகவே நாங்கள் கொஞ்சம் தாமதித்து இறங்குவோம்.

முப்பது வயதில், ஒரு அக்டோபரில், இதுதான் கடைசிப் பருவம் என்று அறிவித்தாள்.

“முழங்காலா?” என்று கேட்டார் எவர்ட்.

“இல்ல. எவ்வளவு தூரம் போகமுடியும்னு தெரிஞ்சுபோச்சு. அதுக்கப்புறம் எதுக்கு வட்டமடிக்கணும்.”

அந்த வருடம்தான் டாஷா வந்தாள். செக் நாட்டுக்காரி, தடுப்பாட்டக்காரி, கதவு அகலத்துக்குத் தோள். எங்கள் மொழியைப் புத்தகம் வைத்துப் படித்துவிட்டு வந்திருந்தாள். எதையும் நேராகக் கேட்பாள், நேராகச் சொல்வாள். எங்களுக்கு முதலில் கொஞ்சம் பயமாக இருந்தது.

பிப்ரவரியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை ஆட்டம் முடிந்து கழக அறையில் உட்கார்ந்திருந்தோம். ஜெயித்திருந்தோம். மேஜையில் லவங்கப்பட்டை ரொட்டி. அன்று காபி ஊற்றும் முறை டாஷாவுடையது. கெட்டிலைத் தூக்கிக்கொண்டு வரிசையாக வந்தாள்.

“மரீக்கா, காபி?”

மரீக்கா கோப்பையை நீட்டி மூச்சை இழுத்தாள். டாஷா அவளைத் தாண்டி என்னிடம் வந்து ஊற்றினாள். பிறகு அடுத்தவளிடம் போனாள்.

“ஏய், எனக்கு?” என்றாள் மரீக்கா.

“உனக்குத்தான் வேணாமே.”

“வேணும்னு சொன்னேன்.”

“எப்ப?”

“இப்பதான்!”

“நீ ஒண்ணுமே சொல்லல. ஹுப்புன்னு திடுக்கிட்ட. கெட்டில்ல செத்த எலி கிடக்குதோன்னு நானே ஒரு தடவ எட்டிப் பாத்தேன்.”

அறையே வெடித்துச் சிரித்தது. டாஷாவுக்கு உற்சாகம் வந்துவிட்டது. கெட்டிலை மேஜையில் வைத்துவிட்டு இடுப்பில் கை வைத்துக்கொண்டாள்.

“இல்ல, நான் தெரியாமத்தான் கேக்கறேன். இந்த ஊர்ல எல்லாருக்கும் ஆஸ்துமாவா? வந்த அன்னைக்கு வீட்டுக்காரம்மாகிட்ட இதுதான் என் ரூமான்னு கேட்டேன். ஹுப்புங்கறாங்க. நான் பயந்துபோய் நாற்காலி எடுத்துப் போட்டேன். நேர்ல பாத்தா தலையாட்டறதாவது தெரியுது. போன்ல? எவர்ட்டக் கூப்பிட்டு அரங்கு தொறந்திருக்கான்னு கேட்டா லைன் கட்டான மாதிரி இருக்கு. மறுபடி கேக்கறேன், மறுபடி ஒண்ணுமில்ல. சரி, பிடிக்கலபோலன்னு வெச்சிட்டேன். பின்னாடி பாத்தா மனுஷன் எனக்காகக் கதவத் தொறந்து வெச்சிட்டு நிக்கிறாரு!”

எவர்ட் மூலையில் இருந்து, “ரெண்டு தடவ சொன்னேனே” என்றார். சிரிப்பு இன்னும் பெரிதானது.

மரீக்கா சிரிக்கவில்லை. காலிக் கோப்பை நீட்டியபடியே இருந்தது. எனக்கும் சிரிப்பு நின்றுவிட்டது. அந்தச் சமையலறை கண்முன்னே வந்தது. சுவரோரம் அவள் தலையாட்டியது, அந்த முதல் மூச்சு, பிறகு அந்த ஆழமான மூச்சு. நான் மூன்றடி தூரத்தில் இருந்தேன். எனக்குத் தெளிவாகக் கேட்டது.

அவள் என்னைப் பார்த்தாள். கோப்பையை மேஜையில் வைத்தாள். எழுந்து வெளியே போனாள்.

நான் போனபோது தளத்தின் ஓரப் பலகையில் முழங்கையை ஊன்றி நின்றிருந்தாள். அரங்கு காலியாக இருந்தது. நானும் பக்கத்தில் ஊன்றிக்கொண்டேன். மேலே விளக்குகள் ஒவ்வொரு வரிசையாக அணைந்தன. உள்ளேயிருந்து சிரிப்புச் சத்தம் வந்துகொண்டே இருந்தது.

“அவன் எந்த ஊர்க்காரன்?” என்றாள் கடைசியில்.

“கனடா.”

“கனடாவுல ஆமாம்னு எப்படிச் சொல்லுவாங்க?”

“வாயால.”

பலகையில் ஒட்டியிருந்த பனியை நகத்தால் சுரண்டினாள்.

“பரவாயில்லன்னான் பெர்னில்லா” என்றாள். “நான் வேணாம்னு சொன்னதுக்கு அவன் எனக்கு ஆறுதல் சொல்லியிருக்கான்.”

அவள் அழுவாள் என்று நினைத்தேன். தலையைப் பலகையில் சாய்த்துக்கொண்டு தோள் குலுங்கினாள். கொஞ்ச நேரம் கழித்துத்தான் அது சிரிப்பு என்று தெரிந்தது. அது நிற்க வெகு நேரம் ஆனது. நின்றபோது அவள் முகம் எனக்குத் தெரியாத ஒருத்தியின் முகமாக இருந்தது, களைத்து, கொஞ்சம் இளமையாக.

“அப்போ நான் போதாம இல்ல” என்றாள். உடனே, “இல்ல, அதுவும் தெரியாது. கூப்பிட்டாங்க, அவ்ளோதான். போயிருந்தா என்ன ஆகியிருக்கும்னு யாருக்குத் தெரியும்” என்றாள்.

கனடாக்காரர் எப்போதோ ஊருக்குத் திரும்பிவிட்டார். இப்போது தேசிய அணியைப் பார்த்துக்கொண்டது லிஸ்பெத் என்பவள். தெற்குக் கோடியைச் சேர்ந்தவள். தொண்டைக்குள் கூழாங்கல்லை உருட்டுவதுபோலப் பேசுவாள். அவளுக்குப் போன் செய்வது என்று மரீக்காவே முடிவு செய்தாள். ஆனால் டிரெஸ்ஸிங் ரூமில் விஷயம் பரவி, பயிற்சி இல்லாமல் போன் பேசக்கூடாது என்று டாஷா தடை போட்டுவிட்டாள்.

“நான்தான் லிஸ்பெத். கேக்கறேன். முகாமுக்கு வர்றியா?” என்றாள் டாஷா, தொண்டையை உருட்டி.

மரீக்கா மூச்சை இழுத்தாள்.

“தண்டால் எடு! பத்து!”

எடுத்துவிட்டு எழுந்தாள். “இப்ப கேளு.”

“வர்றியா?”

மூச்சு. எல்லாரும் ஊளையிட்டார்கள். அவளே தலையில் அடித்துக்கொண்டாள். “நான் சொல்றதில்லடி, அதுவா வருது!” அன்று அவள் எடுத்த தண்டாலில் மறுநாள் மட்டையைத் தூக்கமுடியவில்லை.

போன் பேசியது எவர்ட்டின் அறையிலிருந்து. நான் கூட நின்றேன்.

“கிரான்ஃபோர்ஸ் மரீக்கா பேசறேன். எட்டு வருஷத்துக்கு முன்னாடி உங்க அணியிலேர்ந்து என்னைக் கூப்பிட்டாங்க. நான் வர்றேன்னு சொன்னேன். அது அந்தப் பக்கம் கேக்கல. இப்ப வந்தா பாப்பீங்களா?”

மறுமுனையில் வெகு நேரம் சத்தமில்லை. எங்கள் ஊர்க்காரிதானோ என்றுகூட நினைத்தேன். பிறகு கூழாங்கற்கள் உருண்டன. ஆகஸ்டில் திறந்த முகாம் ஒன்று இருக்கிறது, யாருக்கும் சலுகை கிடையாது, வருகிறாயா என்று கேட்டது எனக்கே கேட்டது.

“ஆமாம்!” என்று மரீக்கா கத்திய கத்தலில், வெளியே ஏணியில் நின்று விளக்கு மாற்றிக்கொண்டிருந்த எவர்ட், “என்ன, தீப்பிடிச்சிடுச்சா?” என்று ஓடிவந்தார்.

கோடை முழுவதும் ஆலை முடிந்ததும் ஆற்றங்கரை மணலில் ஓடினாள். ஆகஸ்டில் நான் வேலை பார்த்த நூலகத்தில் விடுப்பு எடுத்துக்கொண்டு என் காரில் நான் அவளைக் கூட்டிப்போனேன். முகாமில் எல்லாரும் இருபது, இருபத்தொன்று. கன்னத்தில் பருவோடு இருந்த ஒருத்தி முதல் நாளே, “அத்தை, மூட்டுவலித் தைலம் கொண்டு வந்தீங்களா, இல்ல நான் குடுக்கட்டுமா?” என்றாள்.

“குடு கண்ணு. ராத்திரி உனக்குத்தான் தேவைப்படும். நானே தேச்சு விடறேன்” என்றாள் மரீக்கா.

மேல்வரிசையில் உட்கார்ந்து நான் பார்த்துக்கொண்டிருந்தேன். நேராக ஓடும் பந்தயங்களில் அவள் கடைசியில் வந்தாள். திரும்புவதில் நடுவில் வந்தாள். பக் அவள் மட்டைக்கு வந்ததும் அந்தப் பெண்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொண்டார்கள். ஒவ்வொரு மாலையும் சிலர் பெட்டியைத் தூக்கிக்கொண்டு ரயிலுக்குப் போனார்கள். மரீக்கா மிஞ்சினாள். கடைசியில் ஃபின்லாந்துக்கு எதிரான நட்புப் போட்டிக்கு லிஸ்பெத் படித்த பெயர்களில் அவள் பெயரும் இருந்தது.

சின்ன அரங்கு. பார்க்க வந்தவர்கள் பெரும்பாலும் ஆடுகிறவர்களின் அப்பா அம்மாக்கள். அவள் மஞ்சள் சட்டையில் தளத்துக்கு இறங்கி வந்தபோது சட்டை அவளுக்குக் கொஞ்சம் பெரிதாக இருந்தது. தேசிய கீதத்துக்கு உதட்டை அசைத்தாள். பாடினாளா என்று தெரியவில்லை.

ஐந்தைந்து பேராக மாறி மாறி இறங்கும் வரிசைகளில் கடைசியான நான்காவதில் அவளுக்கு இடம். கொஞ்சம் கொஞ்சமாகத்தான் ஆட விட்டார்கள். பல முறை பக் வருவதற்குள் அவளைத் தாண்டி யாராவது போய்விட்டார்கள். இரண்டாம் பகுதியில் ஒரே ஒரு தடவை பக் அவள் மட்டையில் வந்து ஒட்டியது. ஃபின்லாந்துக் கோல்கீப்பர் அசையவே இல்லை. அந்த நிற்பு எனக்குத் தெரியும். இனிமேல்தான் அடிப்பாள் என்று காத்திருக்கிற நிற்பு. டங் என்று கோல் கம்பத்தில் பட்ட சத்தம் அரங்கம் முழுக்க ஒலித்தது. உள்ளே போகவில்லை. அந்தக் கோல்கீப்பர் திரும்பிக் கம்பத்தைப் பார்த்தாள், பிறகு மரீக்காவைப் பார்த்தாள். நான் எழுந்து நின்றிருந்தேன் என்பது, பின்னால் இருந்தவர் சட்டையைப் பிடித்து இழுத்தபோதுதான் தெரிந்தது.

ஆட்டம் முடிந்து நடைபாதையில் அவளுக்காக நின்றேன். மரீக்கா பையோடு வந்தாள். பின்னாலேயே லிஸ்பெத் வந்தாள். குட்டையான, நரை விழுந்த பெண். என்னைப் பார்த்தாள், நான் நகரவில்லை, அவளும் நகரச் சொல்லவில்லை.

“நேராச் சொல்லிடறேன்” என்றாள். “கை அப்படியே இருக்கு. கால் இல்ல. உலகப் போட்டிக்கு உன்னக் கூட்டிட்டுப் போகமாட்டேன்.”

“சரி” என்றாள் மரீக்கா.

“கோவமா?”

“இல்ல. இத நேராச் சொல்ல ஒருத்தர் வேணும்னுதான் வந்தேன்.”

லிஸ்பெத் போகத் திரும்பினாள். பிறகு நின்றாள். “அந்த வருஷம் நானும் ஆடினேன். தெரியுமா உனக்கு?”

மரீக்காவுக்குத் தெரியாது. அந்த வருடப் பட்டியலை அவள் ஒருபோதும் முழுதாகப் படித்ததில்லை.

“டிரெஸ்ஸிங் ரூம்ல என் ஆணிக்கு அடுத்த ஆணி உன்னோடது. உன் பேர் போட்ட சட்ட தொங்கிட்டே இருந்துச்சு. அவதான் வேணாம்னுட்டாளே, எதுக்கு இத மாட்டி வெச்சிருக்கீங்கன்னு கேட்டேன். மனசு மாறி வந்தாலும் வரலாம், இருக்கட்டும்னாரு அந்தக் கனடாக்காரர். பஸ் கெளம்பறப்பதான் கழட்டினாங்க.”

மரீக்கா பையைக் கீழே வைத்தாள்.

“எந்த வரிசையில போட்டிருந்தாங்க?”

“ரெண்டாவது. நடுவுல. எடதுபக்கம் நான்.” லிஸ்பெத் மூக்கைத் துடைத்துக்கொண்டாள். “உனக்குப் பதிலா வந்தவளுக்குப் பாஸ் குடுக்கவே தெரியல. எட்டு வருஷமா உன்னத் திட்டிட்டு இருக்கேன்.”

மறுநாள் வடக்கே கிளம்பினோம். பாதி நாட்டைக் கடக்கவேண்டும். நான் ஓட்டினேன். அவள் ஜன்னல் பக்கம் திரும்பி உட்கார்ந்திருந்தாள். மதியம்வரை ஒரு வார்த்தை இல்லை. எனக்கு அது பழக்கம்தான். பெட்ரோல் நிலையத்தில் நிறுத்தி ஆளுக்கொரு சாசேஜ் ரொட்டி வாங்கி, காரின் முன்பக்கத்தில் சாய்ந்து தின்றோம். அவள் கடுகு சாந்தை விரலில் நக்கினாள்.

“ரெண்டாவது வரிசை” என்றாள்.

நான் மென்றுகொண்டிருந்தேன்.

“நடுவுல” என்றாள். பிறகு சாவிக்குக் கையை நீட்டினாள். “நான் ஓட்டறேன்.”

இரு பக்கமும் காடு. சாலையில் யாரும் இல்லை. அவள் பேச ஆரம்பித்தாள். முதல் ஆட்டம் சீனாவோட, என்றாள். எனக்கு முதலில் புரியவில்லை; அவள் போகாத அந்த உலகப் போட்டியைத்தான் ஆடிக்கொண்டிருந்தாள். லிஸ்பெத் இடதுபக்கம் மேல வர்றா. நான் எதிரணிப் பக்கம் தொடங்கற நீலக் கோட்டுல கொஞ்சம் தயங்கறேன். எல்லாரும் நான் அடிப்பேன்னு நெனைக்கறாங்க. பின்னால பாக்காம அவளுக்குத் தள்ளி விடறேன். உள்ள போயிடுச்சு. ஸ்டியரிங்கில் இரண்டு கையும் மட்டையைப் பிடித்ததுபோல இருந்தன. அடுத்தது ரஷ்யா. அதில் அவளுக்கு உதடு கிழிந்து தையல் போட்டார்கள். கனடாக்காரர் கோபக்காரர், ஆனால் நல்லவர். ஹோட்டலில் மீன் நன்றாக இல்லை. இரவில் லிஸ்பெத் குறட்டை விட்டாள். இருபத்தைந்து வருடப் பழக்கத்தில் அவள் என்னிடம் மொத்தமாகப் பேசியதைவிட அந்தச் சாலையில் அதிகம் பேசினாள். நான் குறுக்கிடவில்லை. ஆற்றுப் பாலமும் ஆலையின் புகையும் கண்ணுக்குத் தெரிந்தபோது அவள் இறுதிப் போட்டியின் கடைசி நிமிடத்தில் இருந்தாள். சட்டென்று நிறுத்திவிட்டாள்.

“என்ன ஆச்சு?” என்றேன்.

“தோத்துட்டோம்.”

“ஏன்?”

“கோல்கீப்பர் சரியில்ல.”

“நான் அங்க இல்லையேடி.”

“அதான்” என்றாள். காரை ஓரமாக நிறுத்தி, தண்ணீர் குடித்துவிட்டு, முதல் ஆட்டத்திலிருந்து மறுபடி ஆரம்பித்தாள். இந்த முறை வலையில் என்னை நிற்கவைத்தாள்.